கார்டு என் கையிலேயே இருக்கட்டும்

தினேஷ் ஐயா,

நேற்று நீ அனுப்பிய செய்தியை உன் அப்பாவுக்கும் படித்துக் காட்டினேன். தீபாவளிக்கு வரும்போது என்னுடைய பேங்க் ஆப்பை உன் போனுக்கு மாற்றிக்கொள்வதாகவும், என் கார்டை நிறுத்திவிடுவதாகவும், இனிமேல் எனக்கு வேண்டியதை மாதாமாதம் நீயே அனுப்பிவிடுவதாகவும் எழுதியிருந்தாய். கடைசியில் கும்பிடுகிற கை படம் வேறு. தஞ்சோங் டாவாயிலிருந்து வாங்கி வந்த கெளுத்தி மீனைக் கழுவிக்கொண்டிருந்த உன் அப்பா தலையை நிமிர்த்தாமலே, "நல்லதுதானே லா, பையன் பாத்துக்கறேன்னு சொல்றான்" என்றார். அப்படியானால் இந்த மீனையும் அவனையே வந்து சமைக்கச் சொல்லுங்கள் என்றேன். அப்போதுதான் நிமிர்ந்தார். இதற்குப் பதிலைப் போனில் எழுதினால் நீ முதல் வரியைப் படித்துவிட்டு ஒரு கட்டைவிரலைப் போட்டுவிட்டுப் போய்விடுவாய். உன்னைப் பெற்றவளுக்குத் தெரியாதா? அதனால்தான் தாளில் எழுதித் தபாலில் போடுகிறேன். என் மருமகள் மாலதியையும் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டு படி. முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இழுத்தடிக்க மாட்டேன். கார்டைத் தர மாட்டேன். ஏன் என்று சொல்லத்தான் இத்தனை பக்கம்.

நம் தாமானில், இத்தனை வீட்டுக்காரர்கள் நடுவில், எனக்கு என்ன பெயர் என்று உனக்குத் தெரியும். கார்டு அக்கா. நீ ஜோகூருக்கு வேலைக்குப் போன பிறகு வந்த பெயர் அது. நீதான் அந்த வருஷம் என் போனில் பேங்க் ஆப்பைப் போட்டுக் கொடுத்து, ஆன்லைனில் சாமான் வாங்கவும் கற்றுக் கொடுத்தாய். முதலில் உன் அப்பாவுக்கு முட்டிவலித் தைலம் வாங்கினேன். அது வந்து சேர்ந்ததைப் பார்த்து எதிர் வீட்டு சரோஜா, "எனக்கும் குக்கருக்கு ரப்பர் வாங்கிக் குடுங்கக்கா, டவுன் முழுக்கத் தேடிட்டேன்" என்று காசைக் கையில் கொடுத்தாள். வாங்கிக் கொடுத்தேன். அப்புறம் பக்கத்து வீட்டு மலாய்க்கார அக்கா, காக் யா, பேரப்பிள்ளைக்குக் காலணி கேட்டார். பூ கட்டுகிற பெண் பினாங்குக்குப் பஸ் டிக்கெட் கேட்டாள். யாரிடமும் கார்டு இல்லாமல் இல்லை. ஆன்லைன் என்றால் பயம், அவ்வளவுதான். காசைக் கொண்டுவந்து என் கையில் கொடுப்பார்கள், நான் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு தட்டுவேன், வாசலில் நின்று கொஞ்ச நேரம் கதை பேசிவிட்டுப் போவார்கள். அடித்து அடித்துக் கார்டு நம்பர் முன்னும் பின்னும் எனக்கு மனப்பாடமாகிவிட்டது. ரிட்டையர் ஆனதும் வீட்டில் சும்மா கிடக்கப் போகிறோமே என்று பயந்தேன் பார், அந்தப் பயம் இந்தக் கார்டால்தான் போயிற்று. வெளியே போகாமலே நான் நாலு பேருக்கு வேண்டியவளாக இருக்கிறேன். இதை உன்னிடம் போனில் சொன்னால் சிரிப்பாய் என்று இதுவரை சொன்னதில்லை.

இன்னொன்றும் உண்டு. ரப்பர் தோட்டத்தில் இருந்தபோது சம்பள நாளன்று உன் தாத்தா, என் அப்பாதான் வரிசையில் நிற்பார். அவரும் பால் வெட்டினார், என் அம்மாவும் பால் வெட்டினார். அவருக்கு எத்தனை மரமோ அம்மாவுக்கும் அத்தனை மரம். ஆனால் இரண்டு பேர் சம்பளத்தையும் கணக்கெழுதுகிற கிராணியிடம் சேர்த்து வாங்கிவருவது தாத்தா. தப்பாக நினைத்துவிடாதே, அவர் குடிகாரர் இல்லை, சூதாடவில்லை, யாரையும் அடித்ததில்லை. அரிசி, பருப்பு, எங்களுக்குப் பள்ளிச் சட்டை, எல்லாம் நேரத்துக்கு வாங்கிப் போட்ட மனிதர். அம்மாவுக்கு ஒரு குறையும் வைக்கவில்லை. ஆனால் கண்ணாடி வளையல் விற்கிறவர் லயத்து வீடுகள் பக்கம் வந்தால் அம்மா என்ன செய்வார் தெரியுமா? கூடையில் இருக்கும் வளையலை எல்லாம் எடுத்துப் பார்ப்பார், கையில் போட்டுப் பார்ப்பார், அப்புறம் கழற்றி வைத்துவிட்டு, "அவுங்க வரட்டும், கேட்டுட்டு வாங்கிக்கிறேன்" என்பார். அவர் வருவதற்குள் வளையல்காரர் போய்விடுவார். தாத்தாவிடம் கேட்டிருந்தால் தராமல் இருந்திருக்க மாட்டார். கேட்க வேண்டியிருந்ததே என்பதுதான் என் மனதில் நின்றுபோனது.

அதனால் சுங்கை பட்டாணி பேக்டரியில் சம்பள உறையை நிறுத்திவிட்டு எல்லாருக்கும் பேங்க் கார்டு கொடுத்தபோது நான் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன். என்னோடு வேலை செய்த பெண்களில் பாதிப் பேர் கார்டையும் ரகசிய நம்பரையும் அன்றைக்கே புருஷன் கையில் கொடுத்துவிட்டார்கள். உன் அப்பாவும் கேட்டார். "நீ எங்க காசு எடுக்கற மெசின் முன்னால போயி வரிசைல நிப்ப? குடு, நான் எடுத்தாந்து தர்றேன்" என்றார். நான் மெசின் முன்னால் நின்று பழகிக்கொள்கிறேன் என்றேன். பாவம், அவர் மறுபடி கேட்கவில்லை. லாரி ஓட்டிய காலத்தில் என்னிடம்தான் கைமாற்று வாங்குவார்.

இனி கதைக்கு வருகிறேன். உன் கல்யாணச் செலவு ஓடிக்கொண்டிருந்த மாதங்களில் ஸ்டேட்மெண்டைத் திறந்து பார்க்கவே எனக்குப் பயம். பந்தல்காரர், சமையல்காரர், மண்டபம் என்று காசு ஆறாய் ஓடும்போது யார் உட்கார்ந்து பார்ப்பது? நீங்கள் இரண்டு பேரும் ஜோகூருக்குப் போய், வீடு அமைதியான பிறகு ஒருநாள் திறந்தேன். நான் கேள்வியே பட்டிராத பெயர்கள் மூன்று. ஒன்று ஏதோ வெளிநாட்டுக் கம்பெனி மாதிரி நீளமாக, பாதியில் வெட்டுப்பட்டு நின்றது. ஒன்றில் எழுத்தும் எண்ணும் கலந்து கிடந்தன. இன்னொன்றில் ஏதோ மீடியா என்று இருந்தது. பெரிய தொகை எதுவும் இல்லை. ஒரு வேளைக் கோழிக் கறிக்கு ஆகிற காசுதான் ஒவ்வொன்றும். ஆனால் மாதம் தவறாமல், அதே தேதியில், சொல்லிவைத்தாற்போல் போயிருக்கிறது. உடனே உன்னைக் கூப்பிட்டேன்.

நீ என்ன கேட்டாய் என்று நினைவிருக்கிறதா? "கார்ட யாருக்கும்மா குடுத்தீங்க?" என்று கத்தினாய். நான் யாருக்கும் கொடுக்கவில்லை என்றேன். "ஊருக்கே சாமான் வாங்கித் தரீங்க, அவங்கள்ல யாரோதான் நம்பர எழுதி வெச்சிருக்காங்க. இனிமே யாருக்கும் வாங்கித் தராதீங்கம்மா, ப்ளீஸ்" என்றாய். உனக்கு என்மேல் அக்கறை, அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் போனை வைத்த பிறகு என் புத்தி போன போக்கைச் சொன்னால் எனக்கே வெட்கமாக இருக்கிறது. சரோஜா போன மாதம் கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு என் போனை எட்டிப் பார்த்தாளே, ஏன் பார்த்தாள்? காக் யா ஏன் எப்போதும் நான் தட்டி முடிக்கிறவரை பக்கத்திலேயே நிற்கிறார்? மறுநாள் சரோஜா காசோடு வந்தபோது, கார்டு கெட்டுப்போய்விட்டது என்று ஒரு பொய் சொன்னேன். அவள் என் முகத்தைப் பார்த்தாள். "பரவால்லக்கா" என்று போய்விட்டாள். அதற்கப்புறம் வாசலுக்கு யாரும் வரவில்லை. நம் தெருவில் செய்திக்குக் கால் முளைக்க எவ்வளவு நேரமாகும்? உன் அப்பாகூட, "என்னா, ஒரு சத்தத்தையும் காணோம்" என்று கேட்டார். காசு போனதைவிட எனக்கு அதுதான் உறைத்தது.

கடைசியில் நம் புக்கிட் செலம்பாவிலிருந்து உன் அப்பாவின் மோட்டார் சைக்கிளில் ஏறி சுங்கை பட்டாணி பேங்குக்கே போனேன். கவுண்டரில் ஒரு மலாய்ப் பிள்ளை, உன் வயதுதான் இருக்கும். ஸ்டேட்மெண்டை நீட்டி, என் காசைத் திருடுகிறார்கள் என்றேன். அந்தப் பிள்ளை பார்த்துவிட்டு, ஆண்டி, இது திருட்டாகவும் இருக்கலாம், நீங்களே எப்போதோ எடுத்த சந்தாவாகவும் இருக்கலாம் என்றது. படம், நாடகம் பார்க்கிற ஆப்புகளுக்கு வெளியே ஒரு பெயர் இருக்குமாம், பேங்கில் காசு எடுக்கும்போது அதன் பின்னால் இருக்கிற கம்பெனி பெயர்தான் வருமாம். போன் வழியாகக் கட்டியிருந்தால் போனுக்குள் இருக்கிற ஆப் கடையின் பெயர் வருமாம். அதனால் பெயரைப் பார்த்துப் பயப்படாமல் தேதியையும் தொகையையும் பாருங்கள், அந்தத் தேதியில் ஈமெயிலில் ரசீது வந்திருக்கிறதா என்று தேடுங்கள், போனில் சந்தா என்ற இடத்தைத் திறந்து பாருங்கள், வீட்டு டிவியில் என்னென்ன திறந்திருக்கிறது என்று பாருங்கள், வீட்டில் இருக்கிறவர்களைக் கேளுங்கள் என்றது. கார்டை இப்போதே மாற்றிவிடட்டுமா என்றேன். மாற்றலாம், ஆனால் அதனால் மட்டும் சந்தா முடிந்துவிட்டதாக நினைக்காதீர்கள், எடுத்த இடத்திலேயே போய் நிறுத்தினால்தான் நிற்கும் என்றது. தேடியும் யாருடையது என்று தெரியவில்லையென்றால் ஒருநாளும் தாமதிக்காமல் கார்டின் பின்னால் இருக்கும் நம்பருக்குப் போன் செய்யுங்கள், உடனே முடக்கிவிட்டுப் புகார் எழுதிக்கொள்கிறோம் என்று சொல்லி அனுப்பியது.

நீ வேலையில் இருந்தாய். அதனால் மாலதியைக் கூப்பிட்டேன். கிளினிக்கில் அவளுக்கு அன்று லீவு. வீடியோவில் வந்து, நான் போனை எந்தப் பக்கம் திருப்ப வேண்டும் என்று பொறுமையாகச் சொல்லிக் கொடுத்தாள். ஈமெயிலில் அந்த நீளப் பெயரைத் தட்டித் தேடியதும் ரசீதுகள் வரிசையாக வந்து விழுந்தன. பார்த்தால் கொரியா நாடக ஆப்! காக் யா ஒருமுறை, ஒரே ஒரு நாடகம் பார்க்க வேண்டும் என்று ஒரு மாதக் காசைக் கையில் கொடுத்து என் கார்டில் கட்டச் சொன்னார். கட்டினேன். ஒரு மாதக் காசு, ஒரு மாதம் பார்க்கலாம், அப்புறம் தானாக நின்றுவிடும் என்று அவரும் நினைத்தார், நானும் நினைத்தேன். நாங்கள் எல்லாரும் டாப்-அப் ஆட்கள் ஐயா. போனில் காசு போட்டால் பேச்சு, காசு தீர்ந்தால் பேச்சும் தீர்ந்தது. கேஸ் சிலிண்டர் காலியானால் அடுப்பு அணையும். காலியான பிறகும் யாரோ கொல்லைப்பக்கமாக வந்து புது சிலிண்டரை மாட்டிவிட்டுக் காசை எடுத்துக்கொண்டு போவார்கள் என்று எங்களுக்கு யார் சொன்னார்கள்? நாடகம் முடிந்ததும் என் போனிலிருந்து அந்த ஆப்பை நான் அழித்தும் விட்டேன். "ஆப்ப அழிச்சா சந்தா நிக்காது அத்தை. அது நம்ம கண்ணுக்கு மறையும், அவ்ளோதான்" என்றாள் மாலதி.

எழுத்தும் எண்ணும் கலந்த பெயரும் அதே கதைதான். அது அந்த ஆப் கடை வழியாகப் போயிருந்தது. போனில் சந்தா என்ற இடத்தைத் திறந்ததும் பளிச்சென்று தெரிந்தது, சரோஜாவின் தமிழ் சீரியல். அவளுக்கும் ஒரு மாதத்துக்குத்தான் கட்டினேன். அந்தக் கதாநாயகி ஜெயிலிலிருந்து வெளியே வருகிறாளா என்று பார்க்க வேண்டுமாம். அவள் வெளியே வந்துவிட்டாள், என் காசுதான் உள்ளே மாட்டிக்கொண்டது. இரண்டையும் அங்கேயே நிறுத்தினோம். நிறுத்துவது லேசுப்பட்ட வேலை இல்லை. நிஜமாகவே போகிறீர்களா, இன்னும் நல்ல நாடகமெல்லாம் இருக்கிறதே, பாதி விலைக்குத் தரட்டுமா என்று ஒவ்வொரு பக்கமாக வந்து மறித்தது. கிளம்பும்போது கேட்டைப் பிடித்துக்கொண்டு அரைமணி நேரம் பேசுவாரே உன் பெரியத்தை, அது மாதிரி. கடைசிப் பக்கம்வரை போய், நிறுத்தியாயிற்று என்று ஈமெயில் வந்த பிறகுதான் விடவேண்டும் என்றாள் மாலதி. அந்த ஈமெயிலை வைத்திருக்கிறேன். அடுத்த மாத ஸ்டேட்மெண்டையும் பார்த்துவிட்டேன், இரண்டும் வரவில்லை.

போனை வைப்பதற்கு முன்னால் நான் மாலதியிடம், "நீயும் உன்னோட ஸ்டேட்மெண்ட்ட ஒருதரம் பாத்துக்கம்மா" என்றேன். "என்னோட ஆப்பு அவர் போன்லதான் அத்தை இருக்கு. கார்டும் அவர்கிட்டதான். அவர்தான் எல்லாம் பாத்துக்கறார்" என்று சிரித்தாள். நானும் சிரித்தேன். இதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

அன்றைக்கே காக் யா வீட்டுக்குப் போனேன். "அலாமாக், சாயா லுப்பா லா அக்கா!" என்று தலையில் கை வைத்துக்கொண்டார். எடுத்ததையே மறந்துபோனாராம். அப்புறம் நான்தான் சொன்னேன், நானும் மறந்துதான் போனேன் என்று. சரோஜாவிடம் போகத்தான் கால் கூசியது. கார்டு கெட்டுப்போகவில்லை, உன்மேல் சந்தேகப்பட்டேன் என்று நேராகவே சொல்லிவிட்டேன். அவள் அழுவாள் என்று நினைத்தேன். கோபம்தான் வந்தது. "ஏன்க்கா, என்னைய ஒரு வார்த்த கேட்ருந்தா சொல்லிருப்பேன்ல? உங்க வீட்டுக் கல்யாணத்துல ராவு பகலா வெங்காயம் உரிச்சவகிட்டயே பொய் சொல்றீங்களே" என்றாள். கேட்டுக்கொண்டேன். சொல்லி முடித்துவிட்டு அவளே தேத்தண்ணி கலக்கிக் கொண்டுவந்தாள். அது தீர்ந்தது என்று அப்போதுதான் மூச்சு வந்தது.

ஆனால் மூன்றாவது பெயர் பிடிபடவில்லை. ஈமெயிலில் இல்லை, போனிலும் இல்லை. சரோஜாதான் தன் போனில் அந்தப் பெயரைத் தேடி, "அக்கா, இந்தா ஒரு நம்பர் போட்ருக்கு, காச திருப்பித் தருவாங்களாம்" என்றாள். பேங்குப் பிள்ளை சொன்னது அந்த அவசரத்தில் மறந்துபோயிற்று, அடித்துவிட்டேன். ஒரு ஆண், தேன் மாதிரிக் குரல், மலாயில் பேசினான். காசைத் திருப்பி அனுப்புகிறோம் ஆண்டி, உங்கள் கார்டு நம்பரைச் சத்தமாகப் படியுங்கள், அப்புறம் போனுக்கு வருகிற நம்பரையும் படியுங்கள் என்றான். நானும் வாயைத் திறந்துவிட்டேன். முதல் நாலு எண்ணைச் சொல்லும்போதே ஏதோ உறுத்தியது. இதே மாதிரி இந்த நம்பரை நான் எங்கேயோ சத்தம்போட்டுச் சொல்லியிருக்கிறேனே! சட்டென்று போனை வைத்துவிட்டேன். சரோஜா பயந்துபோய், "என்னாச்சுக்கா?" என்றாள். பலகாரம் சுட்ட நாள் ஞாபகம் இருக்கிறதா என்று அவளைக் கேட்டேன்.

உனக்கு ஞாபகம் இருக்கிறதா ஐயா? உன் கல்யாணத்துக்குப் பந்தக்கால் நட்ட அன்று நான் அடுப்பங்கரையில் முறுக்குச் சுட்டுக்கொண்டிருந்தேன். எண்ணெய்ச் சட்டி வைத்து முதல் முறுக்கைச் சாமிக்கு எடுத்து வைத்துவிட்டால் சுடுகிறவள் இடத்தைவிட்டு எழுந்திருக்கக் கூடாது, எழுந்தால் பலகாரம் எண்ணெய் குடிக்கும் என்பது எங்கள் தோட்டத்து வழக்கம். ஹாலில் உன் கூட்டாளிகள் கூட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். ஏதோ பெரிய பந்து ஆட்டமாம், டிவியில் வரவில்லையாம், ஒரு ஆப்பில் இலவசமாகப் பார்க்கலாமாம், கார்டு நம்பர் மட்டும் போட வேண்டுமாம். உன் கார்டு வெளியே ரோட்டில் நிறுத்தியிருந்த காடியில் இருந்தது, எடுக்கச் சோம்பல். "ம்மா, உங்க கார்டு எங்க?" என்று அங்கிருந்தே கத்தினாய். எனக்கு எழுந்திருக்க வழியில்லை. கை முழுக்க மாவு. மனப்பாடம்தானே என்று அடுப்பங்கரையிலிருந்தே நம்பரை ஒவ்வொன்றாகக் கூவினேன். கோயிலில் ஏலம் விடுகிற மாதிரி! நடுவில் ஒரு எண் உனக்குக் கேட்கவில்லை என்று உன் கூட்டாளி ஒருவன் வாசல்படியில் நின்று அதைத் திருப்பிக் கூவினான். பின்னால் இருக்கிற மூன்று எண்ணையும் சேர்த்துத்தான். என் போனும் உன் கையில்தான் இருந்தது, அதில் வந்த நம்பரையும் நீயே அடித்துக்கொண்டாய். கல்யாண வீடு முழுக்க என் கார்டு நம்பரைக் கேட்டது.

வீட்டுக்கு ஓடி வந்து டிவியைப் போட்டேன். ஆப்புகளை ஒவ்வொன்றாகத் தள்ளிக்கொண்டே போனால் ஒரு மூலையில் பந்து படம் போட்ட ஒன்று. திறந்தால் உன் பெயர், பக்கத்தில் கண்ணாடி போட்ட ஒரு பொம்மை முகம். அந்த ஒரு ஆட்டத்துக்குப் பிறகு யாரும் எதையும் பார்க்கவில்லை. இலவச நாள் முடிந்ததும் மாதாமாதம் என்னிடம் எடுத்துக்கொண்டே இருந்திருக்கிறது. மாலதியை மறுபடி கூப்பிட்டேன். உன் ஈமெயில் உங்கள் வீட்டு டேப்லெட்டில் திறந்தே கிடக்கிறதாமே. பார்த்தாள். எல்லா மாத ரசீதும் உனக்குத்தான் வந்திருக்கிறது. ஒன்றைக்கூட நீ திறந்து பார்க்கவில்லை. அங்கேயே நிறுத்திவிட்டோம். நான் சிரித்த சிரிப்பில் நாற்காலியில் தூங்கிக்கொண்டிருந்த உன் அப்பா எழுந்து, "யாரு வந்துருக்கா?" என்று வாசலைப் பார்த்தார். கார்டை யாருக்குக் கொடுத்தீர்கள் என்று கேட்டாயே, இப்போது பதில் சொல்கிறேன். உனக்குத்தான் ஐயா கொடுத்தேன்.

இதை வைத்து உன்னை மட்டம் தட்ட வரவில்லை. மாலதியும் நானும் உனக்குச் சொல்லாமல் வைத்திருந்து, நன்றாகச் சிரித்தாகிவிட்டது, அது போதும். கார்டு நம்பரைக் கூவியவள் நான், அதற்காகப் பேங்குக்குப் போய்ப் புதுக் கார்டே வாங்கிவிட்டேன். இதன் நம்பரை மனப்பாடம் செய்யப் போவதில்லை. மாதம் பிறந்ததும் ஸ்டேட்மெண்டைத் திறந்து ஒவ்வொரு வரியாகப் பார்க்கிறேன். யாருக்காவது சந்தா கட்டினால், அவர்கள் வாசலை விட்டுப் போவதற்கு முன்னாலேயே நிறுத்தியும் வைத்துவிடுகிறேன். கட்டிய மாதம் முடிகிறவரை அது ஓடுமாம், மாலதி சொன்னாள். நேற்றுக்கூட சரோஜா மகளைப் பார்க்கப் போக பஸ் டிக்கெட் எடுக்க வந்தாள். என் போனைப் பார்க்காமல் வேண்டுமென்றே கூரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள், கழுதை.

இப்போது அந்தச் சிரிப்புக்கு வருகிறேன். மாலதி கார்டு உன்னிடம் இருப்பதாகச் சொன்னதிலிருந்து எனக்கு வளையல் கூடைதான் கண்ணுக்குள் நிற்கிறது. நீ அவளுக்கு ஒரு குறையும் வைக்க மாட்டாய், எனக்குத் தெரியும். வாடகை கட்டுவாய், அவளுக்குப் புடவை எடுப்பாய், கேட்டால் உடனே கொடுப்பாய். நீ பொறுப்பான பிள்ளை. என் அப்பாவும் பொறுப்பானவர்தான். பொறுப்பானவர்களிடம் கேட்டு வாங்குவதில் ஒரு கஷ்டம் இருக்கிறது, திட்டிவிட்டுப் போகக்கூட முடியாது. அவள் கிளினிக்கில் நாளெல்லாம் நின்று சம்பாதிக்கிறாள். அந்தச் சம்பளம் அவள் கையில் இறங்கட்டும். வீட்டுச் செலவுக்கு இரண்டு பேரும் உட்கார்ந்து பேசிப் பங்கு போட்டுக்கொள்ளுங்கள். அவள் தப்பாக எதையாவது அழுத்திக் கொஞ்சம் காசு போனாலும் போகட்டும், எனக்குப் போகவில்லையா, உனக்குத் தெரியாமல் உன்னால் போகவில்லையா?

எனக்கும் வயதாகும். கண் மங்கும், விரல் நடுங்கும், எந்தப் பொத்தானை அழுத்துகிறேன் என்று தெரியாத நாள் வரும். அன்றைக்கு நானே உன்னைக் கூப்பிட்டு, இந்தா ஐயா, இனி நீ பார்த்துக்கொள் என்று கொடுப்பேன். அதுவரை கேட்காதே.

தீபாவளிக்கு முன்கூட்டியே வந்துவிடுங்கள். இந்த முறை எண்ணெய்ச் சட்டி முன்னால் நீ உட்கார், எழுந்திருக்காமல் முறுக்குச் சுடு, மாவு நான் பிசைந்து தருகிறேன். இந்தக் கடிதத்தின் கடைசிப் பக்கத்தை ஒளித்துவைக்காமல் மாலதியிடம் கொடு. காடியில் ஏறுவதற்கு முன்னால் அவளுடைய கார்டையும் கொடுத்துவிடு. நீங்கள் வந்து இறங்கியதும் நான் உன்னிடம் ஒன்றும் கேட்க மாட்டேன். அவளிடம்தான், "கார்டு எங்கம்மா?" என்று கேட்பேன். அவள் உன் முகத்தைப் பார்க்காமல், தன் பையைத் திறந்து எடுத்துக் காட்ட வேண்டும்.

அம்மா